முத்திரை குத்தும் கை

பிரனீஸ் மலைத்தொடரின் நடுவே, ஸ்பெயின் பக்கத்துப் பள்ளத்தாக்கு ஒன்றில், 241 மீட்டர் நீளத்துக்கு ஒரு ரயில் நிலையம் நிற்கிறது. ஊரின் பெயர் கான்ஃபிராங்க். படத்தில் முதன்முறை பார்ப்பவர்கள் அரண்மனை என்று நினைப்பார்கள். ஆண்டின் நாள்களுக்கு ஒன்றாக 365 ஜன்னல்கள் என்று சொல்வது அங்கே வழக்கம். 1928 ஜூலை 18 அன்று ஸ்பெயின் மன்னர் பதின்மூன்றாம் அல்ஃபோன்சோவும் பிரான்ஸ் அதிபர் காஸ்தோன் தூமெர்கும் சேர்ந்து இதைத் திறந்துவைத்தார்கள். ஏறத்தாழ எட்டு கிலோமீட்டர் நீளமுள்ள சோம்போர்ட் சுரங்கம் மலையைக் குடைந்து பிரான்சிலிருந்து இங்கே வந்து சேர்கிறது.

கட்டடம் நிற்பது ஸ்பெயின் மண்ணில். ஆனால் அதில் ஒரு பாதி பிரான்சின் நிர்வாகத்துக்கு உட்பட்டது. பிரெஞ்சுச் சுங்கம், பிரெஞ்சுக் காவல், பிரெஞ்சு ஊழியர் குடும்பங்கள், அவர்கள் பிள்ளைகளுக்குப் பள்ளி. ஒரே கூரையின் கீழ் இரண்டு நாடுகள். இன்னொன்றும் உண்டு. ஸ்பெயினின் தண்டவாளம் பிரான்சின் தண்டவாளத்தைவிட இருபது சென்டிமீட்டருக்கும் மேல் அகலமானது. ஒரு நாட்டு வண்டி மறுநாட்டுப் பாதையில் ஓடாது. வடக்கிலிருந்து சென்ட்ரலில் வந்திறங்கி, மூட்டை முடிச்சோடு எழும்பூருக்குப் போய் மீட்டர் கேஜ் வண்டி பிடித்துத் தெற்கே போன தலைமுறைக்கு இதை விளக்க வேண்டியதில்லை. கான்ஃபிராங்கில் எல்லோரும் இறங்கியாக வேண்டும். ஒவ்வொரு மூட்டையையும் யாரோ ஒருவர் கையால் தூக்கி மறுபக்க வண்டியில் ஏற்றியாக வேண்டும். எதுவும் தானாகக் கடந்து போகாது. யாரோ ஒருவரின் கைபட்டுத்தான் எதுவும் கடக்கும். நான் எழுத விரும்புவது இந்தக் கைகளைப் பற்றி.

1940 ஜூனில் பிரான்ஸ் ஜெர்மனியிடம் வீழ்ந்தது. தெற்குப் பகுதி விஷி அரசின் கீழ் விடப்பட்டது. 1942 நவம்பர் 11 அன்று ஜெர்மானியப் படை அந்தத் தெற்கையும் பிடித்துக்கொண்டது. அந்த மாதமே அவர்கள் சுரங்கம் வழியாகக் கான்ஃபிராங்குக்கும் வந்தார்கள். ஸ்பெயின் போரில் சேராத நாடு. ஆனால் நிலையத்தின் ஒரு பாதி பிரான்சின் பொறுப்பில் இருந்தது; பிரான்ஸ் இப்போது அவர்கள் கையில். அந்தத் தர்க்கத்தில், போரில் இல்லாத நாட்டின் மண்ணில் ஸ்வஸ்திகக் கொடி ஏறியது.

அங்கே எதிரெதிர்த் திசைகளில் சரக்கு போனது. வடக்கு நோக்கி, ஸ்பெயினிலிருந்தும் போர்ச்சுகலிலிருந்தும் வுல்ஃப்ராம் தாது. அதிலிருந்து கிடைக்கும் டங்ஸ்டன் ஜெர்மனியின் பீரங்கி வண்டிகளுக்கும் கவசம் துளைக்கும் குண்டுகளுக்கும் தேவைப்பட்டது. தெற்கு நோக்கி, அதற்கு விலையாகத் தங்கம். 1942 ஜூலை முதல் 1943 டிசம்பர் வரை சுமார் 86 டன் தங்கம் இந்த நிலையத்தைக் கடந்ததாக ஆவணங்கள் சொல்கின்றன. சுவிட்சர்லாந்து வழியாக வந்த பொன் அது. ஜெர்மனி விற்ற பொன்னில் பெரும்பகுதி, பிடித்த நாடுகளின் வங்கிகளில் அள்ளியது. கொல்லப்பட்டவர்களின் உடைமைகளிலிருந்து உருக்கியதும் அதில் கலந்திருந்தது. திருமண மோதிரம், தங்கப் பல். இதற்கு மேல் விவரிக்க எனக்கு மனமில்லை.

சரக்கைப் போலவே மனிதர்களும் அந்த வழியில் தெற்கே போனார்கள். யூதர்கள், நாஜி எதிர்ப்பாளர்கள், சுட்டு வீழ்த்தப்பட்ட விமானங்களிலிருந்து உயிர்தப்பிய நேச நாட்டு விமானிகள். சிலர் சரியான தாள்களுடன். சிலர் பொய்த் தாள்களுடன். சிலர் தாளே இல்லாமல்.

தங்கம் போன அதே மேடை. அதே சுங்கச் சாவடி. அதே முத்திரை.

பிரெஞ்சுச் சுங்கத்தின் தலைவராக 1940 முதல் அங்கே இருந்தவர் ஆல்பெர் ல லே என்பவர். பிரெஞ்சு எதிர்ப்பு இயக்கத்தோடு அவருக்கு ரகசியத் தொடர்பு இருந்தது. நேச நாடுகளுக்குப் போக வேண்டிய தகவல்கள் அவர் வழியாகப் போயின. தப்பி வந்தவர்கள் பலரை அவர் கடத்திவிட்டார். சந்தேகம் நெருங்கியதும் 1943 செப்டம்பரில், கைதாவதற்கு முன், குடும்பத்தோடு தப்பினார்.

இவரைப் பற்றி எழுதுகிறவர்கள் எல்லோரும் இவரை வீரர் என்கிறார்கள். நானும் அதை மறுக்கவில்லை. ஆனால் எனக்குள்ள கேள்வி, வீரத்தைப் பற்றியதல்ல. அவர் தலைவராக இருந்த காலத்தில்தான் தங்கமும் போனது. சுங்க அதிகாரிக்குத் தெரியாமல் ஒரு பெட்டியும் எல்லையைக் கடப்பதில்லை. நாற்காலியில் நீடித்தால்தான் மனிதர்களைக் கடத்திவிட முடியும். நாற்காலியில் நீடிப்பதென்றால் தங்கமும் தாதுவும் கடப்பதற்கான வேலையையும் ஒழுங்காகச் செய்தாக வேண்டும். ஒன்றில் தவறினால் இன்னொன்று போய்விடும். தீமையின் இயந்திரத்தில் ஒரு நல்ல மனிதர் அமர்ந்திருக்கும்போது இயந்திரம் நின்றுவிடுவதில்லை. அது சீராகத்தான் ஓடுகிறது.

அப்படியானால் உள்ளே இருப்பது சரியா?

இந்தக் கேள்வியைப் பெண்களாகிய நாம் வேறு வடிவங்களில் தினமும் கேட்டுக்கொண்டிருக்கிறோம். கொடுமையான குடும்பத்துக்குள் இருந்து மாற்றுவதா, வெளியேறுவதா. சாதி பார்க்கும் நிர்வாகத்தில் பதவி ஏற்பதா, மறுப்பதா. ‘உள்ளே இருந்தால்தானே எதையாவது செய்ய முடியும்’ என்ற வாக்கியத்தை நான் இருபது ஆண்டுகளாக ஆசிரியர் அறைகளில் கேட்டிருக்கிறேன். சொன்னவர்களில் சிலர் உண்மையிலேயே எதையாவது செய்தார்கள். பலர் உள்ளே இருந்தார்கள், அவ்வளவுதான்.

இதைப் பற்றி மிகக் கடுமையாக எழுதியவர் ஹன்னா அரெண்ட். சர்வாதிகாரத்தின் கீழ் தனிமனிதரின் பொறுப்பு என்னவென்று 1964-இல் ஒரு கட்டுரையில் கேட்டார். பெரிய தீமையைத் தடுக்கச் சின்னத் தீமையைத் தேர்ந்தேன் என்று சொல்கிறவர்கள், தாங்கள் தேர்ந்ததும் ஒரு தீமைதான் என்பதைச் சீக்கிரமே மறந்துவிடுகிறார்கள் என்பது அவர் குற்றச்சாட்டு. கீழ்ப்படிந்தேன் என்ற சொல்லையே அவர் ஏற்பதில்லை. குழந்தைதான் கீழ்ப்படியும், வளர்ந்த மனிதர் கீழ்ப்படிவதாகச் சொல்லும்போது உண்மையில் ஆதரிக்கிறார் என்பது அவர் வாதம்.

இதை அவர் நாற்காலியில் அமர்ந்து யோசித்துச் சொல்லவில்லை. கான்ஃபிராங்குக்கு வரும் அதே ரயில் பாதையில், பிரான்ஸ் பக்கம், ஏறத்தாழ 60 கிலோமீட்டர் தொலைவில் ஒலோரோன் என்ற ஊர் இருக்கிறது. அதன் அருகில்தான் கூர்ஸ் முகாம். ஸ்பெயின் உள்நாட்டுப் போரில் தோற்று ஓடிவந்த குடியரசுவாதிகளை அடைப்பதற்காக 1939 ஏப்ரலில் திறக்கப்பட்டது. 1940 மே மாதம் பிரெஞ்சு அரசு, ஜெர்மனியிலிருந்து ஓடிவந்த பெண்களை ‘எதிரி நாட்டவர்’ என்று சொல்லிப் பிடித்து அங்கே அடைத்தது. ஹிட்லரிடமிருந்து தப்பி வந்த யூதப் பெண்களுக்கு எதிரி நாட்டவர் என்று பெயர். பாரிசில் ஒரு சைக்கிள் பந்தய அரங்கில் கூட்டிவைத்து, ரயிலேற்றி, சேறும் பலகைக் குடிசையுமான அந்த முகாமுக்கு அனுப்பினார்கள். அரெண்ட் அவர்களில் ஒருவர். அப்போது அவருக்கு வயது 33.

அங்கே ஒரு கணம் வந்தது. பிரான்ஸ் வீழ்ந்தபோது சில நாள்களுக்கு நிர்வாகம் குழம்பிப்போனது. தகவல் இல்லை, கட்டளை இல்லை. விடுவிப்புத் தாள்கள் கையில் கிடைத்தால் வெளியே நடந்துவிடலாம். ஆனால் எங்கே போவது? பணம் இல்லை. கணவர் எந்த முகாமில் இருக்கிறார் என்று தெரியாது. இங்கேயே இருந்தால் அவர் தேடி வருவார் என்று பலர் நினைத்தார்கள். சில நூறு பெண்கள் மட்டும், ஏறக்குறைய வெறுங்கையோடு, வெளியேறினார்கள். அரெண்ட் போனார். தங்கியவர்களுக்கு அந்தக் கதவு திரும்பத் திறக்கவில்லை. 1940 அக்டோபரில் ஜெர்மனியின் பாடன், பலாட்டினேட் பகுதிகளிலிருந்து சுமார் 6,500 யூதர்களைக் கொண்டுவந்து அதே முகாமில் தள்ளினார்கள். 1942 ஆகஸ்டு முதல் 1943 மார்ச் வரை ஏறத்தாழ 3,900 பேரை ஒலோரோன் நிலையத்தில் ரயிலேற்றினார்கள். பாரிசுக்கு அருகில் டிரான்சி. அங்கிருந்து பெரும்பாலோர் ஆஷ்விட்சுக்கு.

ஒலோரோன் நிலைய மேடையில் நின்றால், தெற்கே போகும் வண்டி கான்ஃபிராங்குக்குப் போகும். வடக்கே போகும் வண்டி டிரான்சிக்குப் போகும். ஒரே தண்டவாளம். இதை வரைபடத்தில் பார்த்த அன்று இரவு நான் வேறு எதையும் படிக்கவில்லை.

அரெண்டின் வாதத்துக்குப் பின்னால் இந்த அனுபவம் இருக்கிறது. தங்கினால் ஏதாவது நடக்கும் என்ற நம்பிக்கை என்ன விலை கேட்கும் என்பதை அவர் கண்டவர். ஆனாலும் அவருடைய வாதத்தில் ஒரு இடம் எனக்கு இடறுகிறது. குழந்தைதான் கீழ்ப்படியும், வளர்ந்தவர் ஆதரிக்கிறார். சரி. ஆனால் நம் வீடுகளில் நாற்பது வயதுப் பெண்ணையும் குழந்தையின் இடத்தில்தானே நிறுத்தியிருக்கிறார்கள்? அடக்கம் என்ற சொல்லை நற்பண்பாக்கி, கீழ்ப்படிதலை அவளுடைய வேலையாகவே ஆக்கிவைத்த சமூகத்தில், ‘நீ ஆதரித்தாய்’ என்று அவளிடம் சொல்வதற்கு முன் ஒன்றைக் கேட்க வேண்டும்: மறுப்பதற்கு அவளுக்கு எவ்வளவு இடம் இருந்தது? கணவருக்காகக் கூர்சில் தங்கிய பெண்ணையும், சம்பளத்துக்காகப் பதவியில் தங்கிய அதிகாரியையும் ஒரே தராசில் நிறுக்க என்னால் முடியவில்லை. அரெண்டும் கைதிகளையும் அதிகாரிகளையும் ஒன்றாக வைத்துப் பேசவில்லைதான். ஆனால் அவருடைய வாக்கியங்களை எடுத்துப் பேசுகிறவர்கள் பலர் வைக்கிறார்கள். குறிப்பாக ஆண்கள்.

கான்ஃபிராங்க் நிலையத்துக்குள்ளேயே ஒரு தங்கும் விடுதி இருந்தது. ஜெர்மானியர்கள் அந்த ஊரில் உண்டார்கள், உறங்கினார்கள். யாரோ சமைத்தார்கள். யாரோ தரையைத் துடைத்தார்கள். யாரோ அவர்களுடைய படுக்கை விரிப்புகளைத் துவைத்து மலைக்காற்றில் உலர்த்தினார்கள். அவர்கள் உடந்தையா? போர்ச்சுகலின் சுரங்கங்களில் வுல்ஃப்ராம் தாதுவைக் கழுவித் தரம் பிரித்தவர்களில் பெண்கள் இருந்தார்கள்; அவர்கள் கழுவிய கல் எந்தப் பீரங்கியில் போய் முடிந்தது என்பதற்கு அவர்கள் பொறுப்பா? ஆம் என்று சொன்னால், பொறுப்பு என்ற சொல்லே நீர்த்துப்போகிறது. எல்லோரும் பொறுப்பென்றால் தங்கத்தை உருக்கியவனும் விரிப்பைத் துவைத்தவளும் ஒன்றாகிவிடுகிறார்கள். அதிகாரிகளுக்கு இந்தக் கணக்கு மிகவும் பிடிக்கும். இல்லவே இல்லை என்றும் என்னால் சொல்ல முடியவில்லை. ஏனென்றால் அதே போன்ற ஊர்களில், அதே போன்ற பெண்கள், வேறொன்றையும் செய்தார்கள்.

ல லேயின் வலைப்பின்னலில் தகவல்கள் கான்ஃபிராங்கிலிருந்து சரகோசாவுக்கு ரயிலில் போயின. உள்ளாடைக்குள் தாள்களை மறைத்து அந்த வண்டியில் ஏறியவர்களில் அந்த ஊரின் இளம் பெண்கள் இருந்தார்கள். அவர்களுக்கு நாற்காலி இல்லை, முத்திரை இல்லை. பிடிபட்டால் ‘நான் கடமையைத்தான் செய்தேன்’ என்று சொல்லக் கடமை என்று ஒன்றும் இல்லை.

பெண்கள் ஏன் அனுப்பப்பட்டார்கள்? அவர்களை அவ்வளவாகச் சோதிக்க மாட்டார்கள் என்பதால். ‘பொம்பளப்புள்ள, இவளுக்கு என்ன தெரியும்’ என்ற ஆணின் அலட்சியம் எல்லா நாட்டுச் சோதனைச் சாவடிகளிலும் உண்டு. அந்த அலட்சியத்தையே அவர்கள் கடவுச்சீட்டாக்கிக்கொண்டார்கள்.

மலைத்தொடரின் கிழக்கு முனையில், கடலோரமாக, இன்னொரு எல்லை நிலையம் உண்டு. போர்ட்பூ. அங்கேயும் தண்டவாள அகலம் மாறும், அங்கேயும் இறங்கியாக வேண்டும். வால்டர் பெஞ்சமின் 1940 செப்டம்பர் 26 இரவு இறந்த ஊர் என்று தமிழில் வாசிக்கும் மாணவர்களுக்கும் தெரியும். பிரான்சின் வெளியேறும் அனுமதி இல்லை என்று சொல்லி ஸ்பெயின் அதிகாரிகள் தடுத்தார்கள். திருப்பி அனுப்பப்படுவோம் என்ற நிலையில் அவர் உயிரை மாய்த்துக்கொண்டார். ஜெர்மனி கேட்டால் அகதிகளை ஒப்படைக்க வேண்டும் என்று சரணடைவு ஒப்பந்தத்திலேயே ஒரு பிரிவு இருந்தது. எனவே அகதிகளுக்கு வெளியேறும் அனுமதி கிடைப்பது அரிது. அது இல்லாமல் ரயிலில் எல்லையைக் கடக்க முடியாது. மலையேறித்தான் போக வேண்டும்.

பெஞ்சமினை மலை தாண்டி வழிநடத்தியவர் ஒரு பெண். லிசா ஃபிட்கோ. அவரும் கூர்ஸ் முகாமிலிருந்து வெளியே நடந்தவர். அவருக்கு அந்தப் பாதையைச் சொல்லிக்கொடுத்தவர், பான்யூல்ஸ் என்ற கடலோர ஊரின் மேயர் வின்சென்ட் அசேமா. பதவியில் இருந்தபடியே அதைச் செய்தார். விஷி அரசு பிறகு அவரை நீக்கியது. விடியும் முன், திராட்சைத் தோட்டத்துக்குப் போகும் கூலியாட்களோடு கலந்து நடக்க வேண்டும் என்பது ஏற்பாடு. சணல் அடி வைத்த துணிச் செருப்பு. பையோ சுமையோ இருந்தால் சந்தேகம். ஏறத்தாழ ஆறு மாதங்கள், 1941 வசந்தம் வரை, லிசாவும் கணவர் ஹான்சும் இப்படி ஆட்களைக் கடத்திவிட்டார்கள்.

பெஞ்சமினின் கடைசி மலையேற்றம் பற்றித் தமிழில் நான் வாசித்த கட்டுரைகளில், அவர் சுமந்த கறுப்புப் பெட்டியில் என்ன கையெழுத்துப் பிரதி இருந்தது என்ற ஊகத்துக்குப் பக்கங்கள் உண்டு. முன்னால் நடந்த பெண்ணுக்கு ஒரு வரி. சிலவற்றில் ‘ஒரு வழிகாட்டி’. பெயர் இல்லை, பால் இல்லை. அவரே 1985-இல் தன் நினைவுகளை நூலாக எழுதியிராவிட்டால் அந்த ஒரு வரியும் இருந்திருக்காது. அரெண்டும் அடுத்த ஆண்டு போர்ட்பூ வழியாகத்தான் லிஸ்பன் போனார். நண்பரின் கல்லறையைத் தேடினார். கிடைக்கவில்லை.

சாவடியில் பெண்ணைக் கடந்துபோக விட்ட அதே அலட்சியம், போர் முடிந்ததும் அவளை வரலாற்றிலிருந்தும் கடந்துபோக விட்டது. அன்றைக்குக் கேடயம். பிறகு குழி.

தமிழில் ‘நிலை’ என்ற சொல் எனக்கு எப்போதும் வியப்பு தரும். வாசற்கதவைத் தாங்கும் மரச்சட்டத்துக்கு நிலை என்று பெயர். ரயில் நிற்கும் இடம் நிலையம். ஒருவர் எந்தப் பக்கம் நிற்கிறார் என்பது நிலைப்பாடு. எல்லாமே ‘நில்’ என்பதிலிருந்து வந்தவை. நிலைப்படியில் நிற்காதே, உள்ளே போ, அல்லது வெளியே போ என்று சிறுமிகளை விரட்டும் வழக்கம் நமக்குத் தெரியும். ல லே நின்றது நிலைப்படியில். அதுதான் அவருடைய ஆபத்து, அதுதான் அவருடைய பயன். உள்ளும் புறமும் இல்லாத இடத்தில் நிற்பவரை எப்படி மதிப்பிடுவது?

அவர் விஷயத்தில் மூன்றாண்டுக் கணக்கில் இரண்டு செய்திகள் எனக்கு முக்கியமாகப் படுகின்றன. அவர் நீடித்ததால் உண்மையில் ஆட்கள் கடந்தார்கள். ‘பிற்காலத்தில் ஏதாவது செய்யலாம்’ என்று அவர் தள்ளிப்போடவில்லை. அடுத்தது, அவர் நீடித்ததற்கான விலையை அவரும் கொடுக்கத் தயாராக இருந்தார். பிடிபட்டிருந்தால் முகாம், அல்லது சுவர் ஓரமாக நிறுத்திச் சுட்டிருப்பார்கள். நாற்காலி அவருக்குக் கருவி. விட வேண்டிய இரவு வந்தபோது விட்டார். நான் பார்த்த பெரும்பாலான ‘உள்ளே இருப்பவர்கள்’ விஷயத்தில் இந்த இரண்டும் தலைகீழாக இருக்கிறது. அவர்கள் நீடிப்பதால் கிடைக்கும் பயன் உடனடியாக அவர்களுக்கு, பிறகு எப்போதாவது பிறருக்கு. அவர்கள் நீடிப்பதற்கான விலையைக் கொடுப்பது வேறு யாரோ.

இதை நான் வெறும் கருத்தாகச் சொல்லவில்லை. 2013 சட்டத்தின்படி, பணியிடப் பாலியல் துன்புறுத்தல் புகார்களை விசாரிக்க ஒவ்வொரு நிறுவனத்திலும் உள்ளகக் குழு இருக்க வேண்டும். அதில் பாதிக்குக் குறையாமல் பெண்கள் இருக்க வேண்டும். அப்படி ஒரு குழுவில் நான் உறுப்பினர். ஒரு புகாரில், சில ஆண்டுகளுக்கு முன், மாணவிக்கும் ஆசிரியருக்கும் இடையே ‘சமரசம்’ என்று அறிக்கை எழுதும்படி மேலிருந்து சொல்லப்பட்டது. குழுவில் இருந்த மூத்த பேராசிரியை ஒருவர் அன்றே பதவி விலகினார். நான் விலகவில்லை. அறிக்கையில் என் மறுப்பைத் தனியாக எழுதி, கையெழுத்திட்டு, இணைத்தேன். அக்கா அப்படி விலகியதால் வெளியில் ஒரு சலசலப்பு எழுந்தது. நான் இருந்ததால் மறுப்பு கோப்பில் ஏறியது. இரண்டுக்கும் பிறகு அந்த ஆசிரியருக்கு நடந்தது ஓர் இடமாற்றம். அந்த மாணவி படிப்பை வேறு ஊரில் தொடர்ந்தாள்.

போகும்போது பார்க்க வந்தாள். கோபமாகக்கூடக் கேட்கவில்லை. “மேடம், அந்தம்மா போயிட்டாங்க. நீங்க இருந்தீங்க. எனக்கு எது உதவுச்சுன்னு யோசிச்சுப் பாக்குறேன், தெரியல” என்றாள்.

எனக்கும் தெரியவில்லை என்றுதான் சொன்னேன். அது உண்மை. ஆனால் அவள் கேட்ட விதம் சரியான விதம் என்பது தெரியும். நான் தூய்மையாக இருந்தேனா என்று அவள் கேட்கவில்லை. அரெண்ட் கேட்கச் சொல்வது அதைத்தான், நான் என்னோடு வாழ முடியுமா என்பதை. அவள் கேட்டது, தனக்கு என்ன கிடைத்தது என்று. கான்ஃபிராங்கின் மேடையில் குழந்தையோடு நின்ற ஒரு பெண்ணுக்கு, சுங்க அதிகாரியின் மனசாட்சி சுத்தமாக இருக்கிறதா என்பது ஒரு பொருட்டே இல்லை. அவர் நேற்று எத்தனை பெட்டித் தங்கத்துக்கு முத்திரை குத்தினார் என்பதும் அந்த நிமிடத்தில் பொருட்டில்லை. முத்திரை விழுகிறதா, இல்லையா. அவ்வளவுதான். ல லே விலகியிருந்தால் தூய்மையாக இருந்திருப்பார். அந்த இடத்தில் வேறொருவர் உட்கார்ந்திருப்பார். தங்கம் போயிருக்கும். அந்தப் பெண் போயிருக்க மாட்டாள்.

ஆனால் இதே வாதத்தைச் சொல்லித்தான், முத்திரையை ஒருமுறைகூட யாருக்காகவும் குத்தாதவர்களும் ஓய்வுபெறும்வரை உட்கார்ந்திருக்கிறார்கள். அதனால்தான் இதை நியதியாக்க எனக்குப் பயம். பிழைக்க வேறு வழியில்லாதவளிடம் இதைக் கேட்க எனக்கு உரிமை இல்லை. நாற்காலி உள்ளவர்களிடம், என்னிடம், ஆண்டுக்கு ஒருமுறையாவது கேட்கலாம்: இந்த ஆண்டில் உன் கையால் கடந்தவர்கள் யார்? பெயர் சொல். பெயர் சொல்ல முடியவில்லை என்றால், எழுந்திரு.

பெயர் என்றதும் ஒன்று சொல்ல வேண்டும். 1970 மார்ச் 27 அன்று பிரான்ஸ் பக்கம் ஒரு சரக்கு ரயில் தடம்புரண்டு பாலம் ஒன்று இடிந்தது. அதோடு எல்லை தாண்டும் ரயில் நின்றுபோனது. நிலையம் பல பத்தாண்டுகள் பாழாகக் கிடந்தது. 2000-ஆம் ஆண்டில் ஒரு பிரெஞ்சுப் பேருந்து ஓட்டுநர் அங்கே கிடந்த தாள்களைக் கவனித்தார். அவற்றில் போர்க்காலத் தங்கத்தின் கணக்கு இருந்தது. எந்தத் தேதி, எவ்வளவு எடை, எங்கே போகிறது. தங்கத்துக்குக் கணக்கு அவ்வளவு துல்லியமாக இருக்கிறது. கடந்துபோன மனிதர்களுக்கு அப்படி ஒரு கணக்கு இல்லை. இருந்திருக்கவும் கூடாது, அப்படி ஒரு பட்டியல் எழுதப்பட்டு ஜெர்மானியர் கையில் சிக்கியிருந்தால் எல்லோரும் செத்திருப்பார்கள். கடிதம் சுமந்த பெண்களும் அதே காரணத்தால்தான் எழுதிவைக்கவில்லை. அன்றைக்கு எழுதாமல் விட்டது பாதுகாப்பு. போர் முடிந்த பிறகும் பல பத்தாண்டுகள் அவர்களை யாரும் போய்க் கேட்காமல் விட்டதற்கு வேறு பெயர்.

2023 ஜனவரியில் அந்தக் கட்டடம் ஐந்து நட்சத்திர விடுதியாகத் திறக்கப்பட்டது. பழைய பயணச்சீட்டுக் கூடம் இப்போது வரவேற்புக் கூடம். வருகிறவர்கள் தங்கள் கடவுச்சீட்டை அங்கே நீட்டுகிறார்கள். மேசைக்குப் பின்னால் இருப்பவர் வாங்கிப் பார்த்துவிட்டு, சாவியைக் கொடுக்கிறார்.